ஒன்பதாவது வழக்கின் தங்கை

சட்டக் கல்லூரியின் முதல் மாடியில், நகல் எடுக்கும் இயந்திரத்துக்கும் ஜன்னலுக்கும் நடுவே ஒரு மர ஸ்டூல் கிடக்கும். அதில் உட்கார்ந்திருக்கும் பெண்ணுக்கு நாற்பத்தெட்டு வயது. மணி அடிப்பது, பலகை துடைப்பது, பாடக் குறிப்புகளை நகல் எடுத்து வகுப்பில் கொடுப்பது எல்லாம் அவள் வேலை. மாணவர்களுக்கு அவள் அக்கா, அலுவலகத்துக்கு அட்டெண்டர், பேராசிரியைக்கு 'என்னம்மா'. இத்தனை பெயர் இருந்தும், அவள் ஏங்கிய ஒரே ஒரு பெயரை இருபத்தெட்டு வருஷமாக யாரும் சொல்லவில்லை.

அந்தப் பெயர் வாத்து.

சின்ன வயதில் பாதங்களை அகட்டி வைத்து நடப்பாள். அதைப் பார்த்து அண்ணன் வைத்த பெயர். அவனைத் தவிர வேறு யார் சொன்னாலும் சண்டைக்குப் போவாள். அப்பா இல்லாத வீட்டில் அவளைவிட ஏழு வயது மூத்த அந்த அண்ணன்தான் எல்லாம். ரொட்டித் தொழிற்சாலையின் வேனை அவன் ஓட்டுவான். பக்கத்து இருக்கையில் மடியில் கடைகளின் பட்டியலோடு அவள் உட்கார்ந்திருப்பாள். சூடான ரொட்டி வாசனையும் அண்ணனின் கேலியுமாக விடிந்த அந்த நாட்களுக்காக இன்றைக்கும் ரொட்டிக் கடை வாசலில் ஒரு நிமிஷம் நிற்பாள்.

இன்னொரு ஓட்டுநர் காய்ச்சலில் படுத்ததால் அண்ணன் இரண்டு நாள் இரண்டு பேர் வேலையைப் பார்த்தான். மூன்றாம் நாள் காலை ஆறரை மணிக்கு, நேரான சாலையில், அவன் கண் அசந்தது. அவள் கத்துவதற்குள் வேன் ஓரம் ஏறி, பால் வாங்கப் போய்க்கொண்டிருந்த ஒரு முதியவரை அடித்துவிட்டது. அவர் அங்கேயே இறந்துபோனார்.

பார்த்த சாட்சி அவள் ஒருத்திதான். வழக்கு விசாரணைக்கு முந்தின நாள், "அவரே குறுக்க வந்தாருன்னு சொல்லு வாத்து, போதும்" என்றான் அண்ணன். சரி என்று தலையாட்டினாள். சத்தியமாக அப்படித்தான் சொல்ல நினைத்தாள். ஆனால் கூண்டில் ஏறி நின்றபோது, முன்வரிசையில் இறந்தவரின் மகள் தெரிந்தாள். அவள் மடியில் அப்பாவின் மூக்குக்கண்ணாடி. ஒரு பக்கக் கண்ணாடி இல்லாமல், காம்புகள் விரிந்தபடி. வக்கீல் கேட்டதும், இவள் வாயிலிருந்து தானாக வந்தது அந்த வாக்கியம்.

"அண்ணன் கண் அசந்துட்டாரு."

அண்ணனுக்கு இரண்டு வருஷம் சிறை. அம்மா ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் அவனைப் பார்த்துவிட்டு வருவாள். ஏதாவது சொன்னானா என்று இவள் கேட்பாள். "உன் பேரையே எடுக்கலடி" என்பாள் அம்மா. அதற்கு மேல் என்ன வேண்டும்? வெறுத்துவிட்டான் என்று முடிவுகட்டிக்கொண்டாள். ஒரு ஞாயிறுகூட அவள் போகவில்லை. அவன் விடுதலையாகி வருவதற்குள் வேறு ஊரில் வேலை தேடிக்கொண்டாள். அம்மா இறந்தபோது இருவரும் ஆளுக்கொரு பக்கமாக நின்றார்கள்.

விதி என்று ஒன்று இருந்தால் அதற்குக் கொஞ்சம்கூட இரக்கம் கிடையாது. கல்லூரியில் சேர்ந்த சில வருஷத்தில், புதிதாக வந்த பேராசிரியை கொடுத்த குறிப்புகளை நகல் எடுக்கும்போது அவள் கை அப்படியே நின்றுபோனது. பழைய தீர்ப்பு ஒன்றிலிருந்து எடுத்த ஒன்பதாவது வழக்கு. அண்ணன் பெயர் 'அ', தங்கை பெயர் 'ஆ', நடுவில் அவள் சொன்ன வாக்கியம் எழுத்து மாறாமல். கீழே ஒரு கேள்வி: 'ஆ செய்தது நியாயமா?'

பேராசிரியைக்கு ஒரு பழக்கம். நீதியைப் பற்றி மூன்று நாள் பாடம் நடத்துவார். விளைவை வைத்துத்தான் ஒரு செயலை எடைபோட வேண்டும் என்பவர்கள் ஒரு பக்கம், என்ன விளைந்தாலும் கடமை கடமைதான் என்பவர்கள் ஒரு பக்கம். செத்தவரின் மகளாக நாம் பிறப்போமா, ஓட்டியவனின் தங்கையாகப் பிறப்போமா என்று தெரியாமலே சட்டம் எழுதச் சொன்னால் எப்படி எழுதுவோம் என்று யோசிக்கச் சொல்கிறவர்கள் இன்னொரு பக்கம். நான்காம் நாள் ஒன்பதாவது வழக்கை எடுத்து, கை தூக்கச் சொல்வார். வாதாடியவர்கள் எண்ணக் கூடாது, வழக்கில் ஒட்டோ உறவோ இல்லாதவர்தான் எண்ண வேண்டும் என்பது அவர் சட்டம். அதற்காக அட்டெண்டரைக் கூப்பிடுவார்.

பதினாறு வருஷம் அவள் எண்ணினாள். தன் நெஞ்சுக்கு எதிராகவும் ஆதரவாகவும் நீளும் கைகளை, முதல் பெஞ்சிலிருந்து கடைசிப் பெஞ்சு வரை. சில வாதங்கள் அவளுக்கு மனப்பாடம். "அந்தத் தங்கச்சிக்கு மனசுன்னு ஒண்ணு இருக்கா இல்லையா?" என்று ஒரு வருஷம் ஒரு பெண் கேட்டாள். "எங்க அண்ணனா இருந்தா கோர்ட்டு வரைக்கும் எதுக்கு, நானே பிடிச்சுக் குடுத்திருப்பேன், என் பைக்கை உடைச்சவன்" என்று இன்னொரு வருஷம் ஒருவன் சொல்ல, வகுப்பே சிரித்தது. அவளும் சிரித்துவிட்டு, வெளியே வந்து குழாயடியில் முகம் கழுவினாள்.

இந்த வருஷம் வந்திருந்தவர்கள் நாற்பத்தாறு பேர். சொன்னது சரி என்று இருபத்தேழு கைகள். சொல்லியிருக்கக் கூடாது என்று இருபது.

பேராசிரியை கூட்டிப் பார்த்தார். "நாப்பத்தாறு பேருக்கு நாப்பத்தேழு கை எப்படிம்மா வரும்?"

முதல் பெஞ்சிலிருந்த பெண் தயங்கிச் சொன்னாள்: "மேடம், அக்காவும் கை தூக்கியிருக்காங்க."

வலக்கையால் எண்ணிக்கொண்டிருந்தவளின் இடக்கை, அவளுக்கே தெரியாமல் மேலே நின்றது. அதையும் சேர்த்து எண்ணியிருக்கிறாள்.

வகுப்பு கலைந்ததும் பேராசிரியை கதவைச் சாத்தினார். கோபித்துக்கொள்ளத்தான் நினைத்தார்.

"அந்த ஆ நான்தாம்மா" என்றாள் அவள்.

பதினாறு வருஷமாக யாரிடம் போய் எண்ணச் சொல்லியிருக்கிறோம் என்ற நினைப்பில் பேராசிரியைக்குக் கண் கலங்கிவிட்டது. "நீங்க செஞ்சது சரின்னு நாலு புஸ்தகத்துலேர்ந்து காட்டுவேன். தப்புன்னும் நாலுலேர்ந்து காட்டுவேன். எது வேணும்?"

"சரி தப்பு வேணாம்மா. அண்ணன் ஒரு தடவை என்னைக் கூப்பிட்டா போதும்."

"அவரைக் கேட்டீங்களா?"

அவள் விழித்தாள். எத்தனையோ மாணவர்கள் தீர்ப்புச் சொல்லியாயிற்று. 'அ' என்ன நினைக்கிறான் என்று ஒருவர்கூடக் கேட்டதில்லை, அவளையும் சேர்த்து.

சிறையில் தச்சு வேலை கற்ற அண்ணன், இரண்டு பஸ் மாறிப் போகும் தூரத்தில் கதவுக் கடை வைத்திருந்தான். எதிர் நிறுத்தம் வரை அவள் பலமுறை போய், அடுத்த பஸ்ஸில் திரும்பியிருக்கிறாள். அன்று மாலை சாலையைக் கடந்தாள்.

கீல் பூட்டிக்கொண்டிருந்தவன் நிமிர்ந்தான். தலை முழுக்க நரைத்திருந்தது. நின்ற இடத்திலேயே அவள் ஒன்பதாவது வழக்கைச் சொல்லி முடித்தாள்.

"எத்தனை வருஷமா நடக்குது இந்தக் கூத்து?"

"பதினாறு."

"யாரு ஜெயிச்சா?"

"முக்காவாசி நான்தான்."

"பின்ன என்ன?"

"இந்த வருஷம் நான் உன் பக்கம் கை தூக்கிட்டேண்ணே."

அவன் திருப்புளியைக் கீழே வைத்தான். "அது என் பக்கம்னு உனக்கு யாரு சொன்னா? அந்தக் கையை இறக்கு. தூங்கினவன் நான். நீ அதைச் சொன்ன. அந்தப் பொண்ணு கண்ணாடியைப் பிடிச்சிட்டு உக்காந்திருந்தத நானும்தான் பாத்தேன்." அவன் கையைச் சட்டையில் துடைத்தான். "ஜெயில்ல ஞாயித்துக்கிழமை பேர் சொல்லிக் கூப்பிடுவாங்க. சட்டையை உதறிப் போட்டுக்கிட்டுப் போவேன். அம்மா வரும். பின்னாலே நீ வர்றியான்னு பாப்பேன். ரெண்டு வருஷம் பாத்தேன். என் வழக்கு அதுதான். அதை உங்க காலேஜ்ல எழுதலியா?"

"நீ என் பேரையே எடுக்கலேன்னு அம்மா சொன்னாங்க."

"எப்படி எடுக்கறது? எடுத்தா அழுதுடுவேன். அத்தனை பேருக்கு நடுவுல."

இருபத்தெட்டு வருஷம் தப்பான வழக்குக்காகத் தண்டனை அனுபவித்திருக்கிறாள். சுவரில் சாய்ந்து அழுதாள். அவன் சமாதானம் சொல்லவில்லை. மன்னித்தேன் என்றும் சொல்லவில்லை. சாய்த்து வைத்திருந்த கதவின் ஒரு முனையைப் பிடித்துக்கொண்டு நின்றான்.

"தனியாத் தூக்க முடியல. அந்தப் பக்கம் பிடி."

பிடித்தாள். கனமான கதவு. இருவருமாக அதை நிலைச்சட்டத்தில் பொருத்தினார்கள். அவள் பையை எடுத்துக்கொண்டு படியிறங்கியபோது, அவன் முதுகைக் காட்டியபடியே சொன்னான்:

"ஞாயித்துக்கிழமை கடை கிடையாது, வாத்து. வீட்லதான் இருப்பேன்."