குமுதா பிரித்த புதுப் பெட்டி

உலு தெராங் தோட்டத்தார் ஆண்டுச் சந்திப்பு மலருக்கு, நம் தோட்டத்தில் பிறந்து வெளியே நல்ல பெயர் எடுத்த ஒருவரைப் பற்றி எழுதித் தரும்படி கேட்டார்கள். டாக்டர், வழக்கறிஞர் என்று மலர்க் குழுவே சில பெயர்களைச் சொன்னது. நான் குமுதாவை எழுதுகிறேன். மற்றவர்களின் நல்ல பெயரைக் கேள்விப்பட்டதோடு சரி. குமுதாவின் பெயர் ஒரு காலையில் போகவிருந்ததையும் நின்றதையும் பக்கத்தில் இருந்து பார்த்தேன்.

ஈப்போ, சிலிபினில் முடிதிருத்தும் கடைக்கும் பூக்கடைக்கும் நடுவில் இருக்கிறது அவள் கடை. தொலைக்காட்சியோடு இணைத்து விளையாடும் கேம் கன்சோல்களை விற்கிறாள், பழையதை வாங்குகிறாள், பழுது பார்க்கிறாள். நம் ஆட்கள் வாயில் அது 'கேம் பெட்டி'. நானும் அப்படியே எழுதுகிறேன்.

1978இல் கிராணிமார் வீட்டு வரிசையில் பிறந்தவள். அப்பா ராமகிருஷ்ணன், பால் ஸ்டோரில் எடை பார்த்த கிராணி, அதாவது கணக்கெழுதும் எழுத்தர். தோட்டத்தைப் பார்த்திராத இளையவர்களுக்காக இதைக் கொஞ்சம் விரித்துச் சொல்கிறேன். மரம் வெட்டுகிறவர்கள், அதாவது மரப்பட்டையைச் சீவிப் பால் எடுக்கிறவர்கள், ரப்பர் பாலை வாளியில் சுமந்து ஸ்டோருக்கு வருவார்கள். ராமகிருஷ்ணன் நிறுப்பார். பிறகு கொஞ்சம் பாலை உள்ளே எடுத்துப் போய்ச் சோதித்து, தண்ணீரைக் கழித்துவிட்டு, ரப்பரின் எடையை மட்டும் எழுதுவார். மூன்று பங்கு பாலில் ஏறக்குறைய ஒரு பங்குதான் ரப்பர். அது மரத்தின் இயற்கை. ஆனால் சோதனை உள்ளே நடந்தது. வெளியே நின்றவர்களுக்குத் தெரிந்தது தாங்கள் சுமந்து வந்த எடையும் அவர் எழுதிய எடையும்தான். அதனால் 'கிராணி தராசு' என்றால் தோட்டத்தில் எல்லாரும் எதைப் புரிந்துகொண்டார்கள் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

ராமகிருஷ்ணன் 2013இல் காலமானார். இழவு வீட்டிலேயே ஒருவர், "இனிமே மேலோகத்துத் தராசும் சாஞ்சுதான் நிக்கும்" என்றார். சிலர் சிரித்தார்கள். குமுதா வாசலில் வந்தவர்களுக்குத் தண்ணீர்ப் போத்தல் கொடுத்துக்கொண்டிருந்தாள். அது அவள் காதில் விழுந்திருக்கிறது. வெகுகாலம் கழித்துத்தான் என்னிடம் சொன்னாள்.

தோட்டம் கைமாறி வீடமைப்புப் பகுதியானபோது அவள் ஈப்போவில் ஒரு மின்னணுத் தொழிற்சாலையில் சேர்ந்தாள். சர்க்யூட் பலகைகளைப் பூதக்கண்ணாடியில் பார்த்துக் குறை கண்டுபிடிக்கும் வேலை. தொழிற்சாலை வேறு நாட்டுக்குப் போனதும் வீட்டிலேயே கைபேசி பழுது பார்த்தாள். ஒருநாள் யாரோ கேம் பெட்டி ஒன்றைக் கொண்டுவந்தார்கள். திறந்தால் உள்ளே ஒரு கரப்பான் குடும்பம். அதைச் சுத்தம் செய்து ஓடவைத்தாள். பெட்டி சூடாக இருப்பதால் கரப்பானுக்கு அது நல்ல வீடு என்று சொல்லி இன்றும் சிரிப்பாள். அந்தக் கரப்பான்தான் கடை திறந்து வைத்தது என்பது அவள் கணக்கு.

பழைய பெட்டி விலைக்கு வந்தால் அவள் பார்க்கும் முறை இது. முதலில் திறந்து பூச்சி பார்ப்பாள். பிறகு உள்ளே இருக்கும் சேமிப்பு வட்டு பெட்டியோடு வந்ததுதானா, யாராவது கழற்றிவிட்டுச் சிறியதைப் போட்டிருக்கிறார்களா என்று பார்ப்பாள். அதில் டிக் டிக் என்று சத்தம் வந்தால் அந்தப் பெட்டியை அப்படியே விற்கமாட்டாள். முந்தைய சொந்தக்காரரின் கணக்கு, விளையாட்டு, படம் எல்லாவற்றையும் முழுசாக அழிப்பாள். வாங்குகிறவர்களுக்கு ஒரு எச்சரிக்கையும் உண்டு: "கேம் வட்டத்தட்டு, அதான் டிஸ்க், வாங்கிப் போட்டாலும் கேம் உள்ள ஏறித்தான் ஓடும். பெரிய கேம் ஒண்ணு நூறு ஜிபி கூடக் குடிக்கும். எல்லாத்தையும் ஒரேயடியா வச்சிக்க ஆசப்படாதீங்க. ஆடி முடிச்சத எடுத்துருங்க, வேணும்னா திரும்ப ஏத்திக்கலாம்."

இத்தனை கவனமானவள் ஒரு பழக்கம் வைத்திருந்தாள். பாசாரில் கீரை வாங்கினால் மேலே ஒரு கொத்து கறிவேப்பிலை வைப்பார்களே, அதுபோல. இலவசமாகக் கிடைக்கும் காற்பந்து கேம் ஒன்றை ஏற்றிவிட்டுத்தான் பெட்டியைக் கையில் கொடுப்பாள். "வீட்டு லைன்ல இறக்குனா விடிஞ்சிரும். நம்ம கொசுறுதானே, இருக்கட்டும்" என்பாள். கொசுறு வைக்காமல் ஒரு பொருளை நீட்டுவது அவளுக்குக் கை வராது. நம் ஆட்கள் எல்லாருக்குமே அப்படித்தான்.

இனி பத்துமலைக்கு வருகிறேன். லாரி ஓட்டுகிறவன், வயது ஐம்பத்தேழு. ஒரு காலத்தில் நம் தோட்டக் காற்பந்துக் குழுவின் முன்வரிசை ஆட்டக்காரன். முட்டி போய்விட்டதால் இப்போது திரையில் ஆடுகிறான். 2024 பிப்ரவரியில் குமுதாவிடம் பழைய பெட்டி ஒன்று வாங்கினான். பெட்டியின் அட்டையில் ஒரு டெராபைட், அதாவது ஆயிரம் ஜிபி, என்று அச்சாகியிருந்தது. குமுதாவும் அதையே சொல்லி விற்றாள்.

ஏப்ரலில் நம் தோட்டத்தாரின் வாட்ஸ்அப் குழுவில் அவன் குரல் வந்தது.

"எல்லாருக்கும் வணக்கம், பத்துமலை பேசுறேன். குமுதா கடையில ஆயிரம் ஜிபின்னு ஒரு பெட்டி வாங்குனேன். நேத்து புதுசா ஒண்ணு ஏத்தலாம்னு பாத்தா காலியா, கொசோங்கா இருக்கிற இடம் எழுநூறு கூட இல்ல. மூணுல ஒரு பங்கு எங்க போச்சு? கிராணி போயிட்டாரு, தராசு மட்டும் போகல போல. பாத்து வாங்குங்க லா."

சிரிக்கும் முகங்கள் வரிசையாக விழுந்தன. சந்திப்பு நாளில் நடக்கவிருந்த காற்பந்து கேம் போட்டிக்குக் குமுதாதான் பெட்டிகள் தருவதாக இருந்தது. சந்திப்பு ஏற்பாட்டாளர் ஒருவர், "பெட்டி விஷயத்த அப்புறம் பேசுவோம்" என்று எழுதினார். 'அப்புறம்' என்றால் என்னவென்று நமக்குத் தெரியும்.

நான் கடைக்குப் போனேன். குமுதா அந்தக் குரலை இரண்டாம் முறை கேட்டுக்கொண்டிருந்தாள்.

"விளக்கமா எழுதிப் போடும்மா. கம்பெனியே சொல்லியிருக்கிற விஷயம்தானே" என்றேன்.

"அப்பாவும் விளக்கம் சொன்னாருதானே, ஐயா? ஆயுசுக்கும் சொன்னாரு. ஆனா யாருக்கும் காட்டல." கைபேசியை எடுத்துத் தன் குரலில் பதில் போட்டாள்: "பத்துமலை அண்ணே, ஞாயித்துக்கிழமை காலையில பெட்டியத் தூக்கிட்டு வாங்க. சந்தேகம் இருக்கிறவங்க எல்லாரும் வாங்க. தேத்தண்ணி என் செலவு."

ஞாயிறு காலை கடை கொள்ளவில்லை. பாதிப் பேர் தேநீருக்கு, மீதிப் பேர் சண்டைக்கு. பக்கத்து முடிதிருத்தும் கடை ராஜு, அவனும் நம் தோட்டத்தான், பாதி சவரத்தோடு ஒருவரை நாற்காலியில் விட்டுவிட்டு வந்து நின்றான். பத்துமலை பெட்டியைத் துண்டில் சுற்றிக் கொண்டுவந்து மேசையில் வைத்தான்.

"வச்சிட்டேன். நிறு" என்றான்.

குமுதா அதைத் தொடவில்லை. கடைத் தொலைக்காட்சியைத் திருப்பி வாசலைப் பார்க்க வைத்தாள். பிறகு கண்ணாடி அலமாரியைத் திறந்து, சீல் பிரிக்காத புதுப் பெட்டி ஒன்றை எடுத்துவந்தாள். அதிலும் ஒரு டெராபைட் என்றுதான் அச்சாகியிருந்தது.

"அண்ணே, வாசிங்க. எவ்வளவு போட்டிருக்கு?"

"ஒரு டெரா."

"யாரும் தொட்டதில்லதானே?"

அவள் பிளேடை எடுத்ததும் ராஜு பதறிவிட்டான். "ஐயோ, பிரிக்காத லா! பிரிச்சா அது பழசு. எவன் புது விலைக்கு எடுப்பான்?"

"தெரியும்ண்ணே" என்று சொல்லிக்கொண்டே சீலை அறுத்துவிட்டாள்.

கம்பியை மாட்டி, மொழி, நேரம் எல்லாம் கேட்டதற்குப் பதில் கொடுத்து, சேமிப்புப் பக்கத்தைத் திறந்தாள். ஒரு கேம்கூட ஏறாத பெட்டி. திரையில் எண்ணூற்று நாற்பத்தெட்டு என்று வந்தது.

பத்துமலை திரைக்குக் கிட்டே போய் அதை மறுபடியும் வாசித்தான்.

"இதுலயும் திருடிட்டானா!" என்றார் பின்னால் யாரோ.

"திருடல. பெட்டி தானே ஓடணும்ல, அதுக்கு ஒரு மூளை உள்ள இருக்கு. அது எடுத்துக்கிட்டது போகத்தான் நமக்கு. புதுசா இருந்தாலும், பழசா இருந்தாலும், எந்த ஊர்ல வாங்குனாலும் அச்சடிச்சது ஒண்ணு, கைக்கு வர்றது ஒண்ணு. பால்ல தண்ணி இருக்கிற மாதிரி. மரத்துலயே இருக்கிறது, யாரும் ஊத்துனது இல்ல."

"பத்துமலை அம்மா ஊத்துவாங்க" என்றான் ராஜு. "பைப்படியில நின்னு வாளிய ரொப்புனத நான் பாத்திருக்கேன்."

"டேய், செத்தவங்கள இழுக்காத!" என்றான் பத்துமலை.

"நீ மட்டும் கிராணிய இழுத்தியே?"

பத்துமலை எளிதில் விடுகிற ஆள் இல்லை. தன் பெட்டியை முன்னால் தள்ளினான். "சரி. அதுல எண்ணூத்துச் சொச்சம். என்னோடதுல எழுநூறு கூட இல்லையே. அந்த மீதிக்கு என்ன சொல்ற?"

நியாயமான கேள்வி. குமுதாவும் தலையாட்டினாள். அவன் பெட்டியை மாட்டினாள். மொத்தம் எண்ணூற்று அறுபது. அது பழைய மாடல், மூளை எடுத்துக்கொள்வது குறைவு; அதனால் புதுப் பெட்டியைவிடச் சற்று அதிகம். காலி இடம் அறுநூற்றுத் தொண்ணூறு. அதன் கீழே எது எவ்வளவு இடத்தைப் பிடித்திருக்கிறது என்று வரிசையாக இருந்தது. முதல் வரியைப் பார்த்ததும் குமுதாவின் முகம் மாறியது.

"அண்ணே, இது என் தப்பு" என்றாள்.

கூட்டம் நெருங்கியது.

"இந்தக் கால்பந்து கேம் அறுபது ஜிபி. நான் கொசுறா ஏத்திக் குடுத்தது. கொசுறு குடுக்கிறதா நினைச்சு உங்க இடத்துலயே கை வச்சிருக்கேன். சொல்லவும் இல்ல. இப்பவே அழிச்சிர்றேன்." அழிக்கும் பொத்தானுக்கு விரலைக் கொண்டுபோனாள்.

"ஏய், ஏய், நிறுத்து!" பத்துமலை அவள் கையைப் பிடிக்காத குறை. "அத எடுத்துட்டா நான் எதுல ஆடுறது? ரெண்டு மாசமா அதத்தானே ஆடுறேன்!"

கடையே சிரித்தது. குமுதா சிரிக்கவில்லை. கணக்கு இன்னும் முடியவில்லை. "அறுபது இது. இன்னும் நூத்துப் பத்து இருக்கு. பாப்போம்" என்று அடுத்த வரியைத் திறந்தாள்.

படங்கள், காணொளிகள். பட்டியல் உருண்டது, உருண்டுகொண்டே போனது. ஒன்றை ஓடவிட்டாள். காற்பந்து ஆட்டம். பத்து நிமிடத்துக்கு மேல் பந்து இங்கும் அங்கும் போய், கடைசியில் ஒரு கோல்.

"என் கோல்" என்றான் பத்துமலை, குரல் இறங்கி. "கோல் அடிச்சதும் ஒரு பொத்தான அமுக்குனா எடுத்து வைக்கும்னு அண்ணன் மவன் சொன்னான். அமுக்குவேன்."

"கோல மட்டும் எடுக்காதுண்ணே. அமுக்குறதுக்கு முன்னாடி கால் மணி நேரம் நடந்த எல்லாத்தையும் எடுத்து வைக்கும்."

"எல்லா கோலுமா அமுக்குன?" என்றான் ராஜு.

"எல்லாம்."

"தோத்த மேட்ச்சுலயுமா?"

"நான் அடிச்ச கோல் நான் அடிச்சதுதானே, மச்சான்!"

கணக்கு முடிந்தது. ஆயிரத்தில் பெட்டியின் மூளைக்கு நூற்று நாற்பது, குமுதாவின் கொசுறு அறுபது, பத்துமலையின் கோல்கள் நூற்றுப் பத்து, காலி அறுநூற்றுத் தொண்ணூறு. நான் மனதில் கூட்டிப் பார்த்தேன். சரியாக இருந்தது.

பத்துமலை அங்கேயே நின்று கைபேசியை வாயருகே கொண்டுபோனான். மனிதன் அந்த விஷயத்தில் ஆண்பிள்ளை. "பத்துமலை பேசுறேன். நான் சொன்னது தப்பு. எல்லாரும் பாக்க நிறுத்துப் பாத்தாச்சு. குமுதா தராசு சரி. கிராணி தராசும்…"

"அண்ணே." குமுதா அவனை நிறுத்தினாள். "அப்பாவோடத இதுல சேர்க்காதீங்க. அத நானும் பாத்ததில்ல, நீங்களும் பாத்ததில்ல. என்னோடது மட்டும் போதும்."

அவன் கைபேசியைப் பார்த்தான், அவளைப் பார்த்தான். "குமுதா தராசு சரி. அவ்வளவுதான்" என்று முடித்து அனுப்பினான். 'அப்புறம் பேசுவோம்' என்று எழுதியவர், போட்டிக்கு எத்தனை பெட்டி தர முடியும் என்று தேநீர் ஆறுவதற்குள் கேட்டுவிட்டார். பிரித்த புதுப் பெட்டி அந்தப் போட்டிக்கே போகட்டும் என்றாள் குமுதா.

அன்று திருப்பிய தொலைக்காட்சியை அவள் திரும்ப உள்பக்கம் திருப்பவில்லை. இப்போது யார் எந்தப் பெட்டியைக் கேட்டாலும், முதலில் மாட்டிச் சேமிப்புப் பக்கத்தைத் திறந்து, வாங்குகிறவர் வாயாலேயே வாசிக்கச் சொல்கிறாள். பெட்டியின்மேல் ஒட்டும் தாளில் அட்டையில் உள்ள எண்ணை எழுதுவதில்லை. திரையில் வந்த எண்ணைத்தான் எழுதுகிறாள். கொசுறை விட்டுவிடவில்லை. அதை விடும்படி நானும் சொல்லவில்லை. "கால்பந்து கேம் ஒண்ணு சும்மா தர்றேன், அறுபது ஜிபி பிடிக்கும், ஏத்தவா?" என்று கேட்டுவிட்டு ஏற்றுகிறாள்.

போன வாரம் நான் கடையில் இருந்தபோது பத்துமலை வந்தான். கோல்களை அழிக்க அவனுக்கு மனம் வரவில்லையாம். அவற்றை எடுத்து வைக்க வெளியே மாட்டும் சேமிப்பு வட்டு ஒன்று வேண்டும் என்றான். குமுதா ஒன்றை எடுத்து நீட்டினாள். அவன் அட்டையைப் பார்க்கவேயில்லை. அதை அவளிடமே திருப்பிக் கொடுத்துவிட்டு, முக்காலியை இழுத்துப் போட்டுத் திரைக்கு நேராக உட்கார்ந்தான்.

"மாட்டு, தங்கச்சி" என்றான். "நான் வாசிக்கிறேன்."