ஜெரினாவின் மூன்றாவது மிஷின்

ராயபுரம் கல்மண்டபத்துக்குப் பின்னால் ஒரு சந்து உண்டு. அதில் நுழைந்தால் மீன் கூடைகளின் வாடைக்கு முன்னால் சத்தம்தான் ஆளைப் பிடிக்கும். துப்பாக்கி வெடிக்கிற சத்தம், கார் உறுமுகிற சத்தம், அதற்கும் மேலே வாலிபப் பிள்ளைகளின் கூச்சல். அதுதான் ஜெரினாவின் வீடியோ கேம் கடை.

கடை என்றதும் பெரிதாக நினைத்துவிட வேண்டாம். வீட்டின் முன் அறையில் பீரோ உயரத்துக்கு மூன்று மிஷின்கள். முதலாவதில் சண்டை, இரண்டாவதில் கார், மூன்றாவதில் விமானம். டோக்கன் போட்டுவிட்டு ஸ்டிக்கைப் பிடித்தால் ஆட்டம் தொடங்கும். உயிர் போனால் எழுந்து அடுத்தவனுக்கு இடம் விட வேண்டும். செல்போன் எல்லார் கைக்கும் வந்து சேராத காலம் அது. அந்த வட்டாரத்துப் பிள்ளைகளுக்கு அந்த அறைதான் சொர்க்கம்.

மிஷின்களை ஏலத்தில் எடுத்து, பிரித்து, துடைத்து, உயிர் கொடுத்தவன் அவள் கணவன் ஹுமாயூன். நெஞ்சில் சளி கட்டி அவன் போய்ச் சேர்ந்தபோது ஜெரினாவுக்கு முப்பத்தாறு வயது. அவன் விட்டுப் போனது மூன்று மிஷின்களையும் ஒரு சாவியையும். இன்னொன்றையும் விட்டுப் போனான். அது ஒரு ரகசியம்.

டோக்கன் விழுகிற சின்னக் கதவை அந்தச் சாவியால் திறந்தால், உள்ளே ஒரு ஓரத்தில் பட்டாணி அளவு பொத்தான் இருக்கும். அதை அழுத்தியதும் திரை கறுத்து, வெள்ளை எழுத்தில் ஒரு பட்டியல் எழுந்து வரும். விளையாடுகிறவர்கள் யாரும் பார்த்திராத பட்டியல் அது. ஜெரினாவுக்கு இங்கிலீஷ் அவ்வளவாக வராது. நாலாவது வரியில் ஸ்டிக்கை வலது பக்கம் தள்ளினால் ஆட்டம் கஷ்டமாகும், இடது பக்கம் தள்ளினால் சுலபமாகும் என்பது மட்டும் தெரியும். ஒன்றிலிருந்து எட்டு வரை போகும். பள்ளிக்கூடம் நடக்கிற நாளில் நாலு. லீவு நாளில் எட்டு. கூட்டம் நிற்கும்போது ஒருவனே ஸ்டிக்கைப் பிடித்துக்கொண்டிருந்தால் கடை எப்படி ஓடும் என்பான் ஹுமாயூன்.

அவன் போன பிறகும் அவள் அதை விடவில்லை. ஞாயிற்றுக்கிழமை காலையில் கதவைச் சாத்திக்கொண்டு மூன்று மிஷின்களையும் எட்டுக்குத் தள்ளுவாள். நாலு உதை வாங்குவதற்குள் தோற்றுப்போன பிள்ளைகள், இன்னிக்கு என் கைக்கு இன்னா ஆச்சுன்னே தெர்லக்கா என்று தங்கள் கையையே நொந்துகொண்டு எழுந்து போவார்கள். ஒருவனாவது மிஷினைத் திட்டியிருந்தால் அவளுக்கு மனசு லேசாகியிருக்கும். யாரும் திட்டியதில்லை.

அப்படிப்பட்ட கடைக்குள்தான் ஒரு நாள் மத்தியானம் சிலுவைமுத்து வந்தார்.

ஐம்பதை நெருங்கும் வயது. திருவொற்றியூர்ப் பக்கம் ஒரு கன்டெய்னர் யார்டில் கிரேன் ஓட்டியவர். இரும்புக் கயிறு ஒன்று அறுந்து வலது மணிக்கட்டில் அடித்துவிட்டது. உள்ளே தகடு வைத்து மூடினார்கள். எலும்பு சேர்ந்தது, விரல்களின் நடுக்கம் மட்டும் போகவில்லை. வேலையை விட்டு நீக்கவில்லை என்பதுதான் யார்டுக்காரர்கள் காட்டிய கருணை. கையில் ஒரு சிவப்புக் கொடியைக் கொடுத்து கேட்டில் நிற்க வைத்தார்கள். பனை உயரத்தில் உட்கார்ந்து மலை மாதிரிப் பெட்டிகளைப் பூ மாதிரி இறக்கி வைத்த மனிதர், லாரிக்கு வழிவிட்டு ஓரமாக நின்றார்.

மூன்றாவது மிஷினின் ஸ்டிக்கைப் பார்த்ததும் அவர் கண்ணில் ஒரு வெளிச்சம் வந்தது. கிரேன் கேபினிலும் இதே மாதிரி ஸ்டிக்குதான் என்றார். ஒரு நூல் அளவு தள்ளினால் போதுமாம், பெட்டி அசைந்து கொடுக்குமாம். இதில் கை நின்றால் அங்கேயும் நிற்கும், இதில் ஜெயிக்கிற அன்றைக்கு மேஸ்திரியிடம் போய் என்னை மேலே ஏற்று என்று கேட்பேன் என்று ஜெரினாவிடம் சொன்னார். அவருடைய கூடப் பிறந்த அக்காவின் மகன் மதி, கிரேனுக்குக் கீழே நின்று லாரியில் இறங்குகிற பெட்டி நகராமல் பூட்டு போடுகிறவன். மாமன் எப்போது மேலே ஏறுவார் என்று அவனும் காத்திருக்கிறானாம்.

அன்றிலிருந்து காலை ஷிப்டு முடிந்ததும் வந்துவிடுவார். வந்து, தோற்பார். விமானம் புறப்பட்ட சூட்டோடு குண்டு பட்டுக் கீழே விழும். பக்கத்து மிஷினில் நிற்கிற ஒவைஸ் என்ற மெக்கானிக் பையன் அவருக்குப் பைலட்டு என்று பெயரே வைத்துவிட்டான்.

"இன்னா பைலட்டு, இன்னிக்கும் கடல்லயே எறக்கிட்டியா? எந்திரி மாமு, ஆளுங்க நின்னுகினு கீறாங்கோ."

எல்லாரும் சிரிப்பார்கள். அவரும் சிரிப்பார். சிரித்துக்கொண்டே வலது கையைத் துண்டுக்குள் ஒளித்துக்கொள்வார். அந்தத் துண்டைத்தான் ஜெரினாவால் பார்க்க முடியவில்லை. நோயின் கடைசி நாட்களில் ஹுமாயூனும் இருமலுக்குப் பிறகு கைக்குட்டையை அப்படித்தான் மறைப்பான்.

ஒரு நாள் அவர் வருகிற நேரத்துக்கு முன்பாகவே மூன்றாவது மிஷினைத் திறந்தாள். பொத்தானை அழுத்தினாள். நாலாவது வரி. ஸ்டிக்கை இடது பக்கம் தள்ளினாள், ஒன்று வருகிற வரைக்கும்.

அன்றைக்குக் குண்டுகள் சோம்பலாக வந்தன. சிலுவைமுத்துவின் விமானம் முதல் கட்டத்தைத் தாண்டியது. இரண்டாவதையும் தாண்டியது. அவர் ஸ்டிக்கை விட்டுவிட்டு வலது கையைக் கண் முன்னால் தூக்கிப் பிடித்துப் பார்த்தார். வேறு யாருடைய கையையோ பார்ப்பதுபோலப் பார்த்தார். அப்புறம் அந்தக் கையாலேயே முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார்.

"வந்துட்ச்சு தங்கச்சி. என் கை எனுக்கு வந்துட்ச்சு."

ஜெரினாவுக்கும் கண் நிறைந்தது. தான் செய்தது பாவம் என்று அந்த நிமிஷத்தில் யாராவது சொல்லியிருந்தால் அவள் நம்பியிருக்க மாட்டாள்.

பிறகு அது தினப்படி வேலையானது. அவர் வருவதற்கு முன் ஒன்றுக்கு இறக்குவாள், போன பிறகு நாலுக்கு ஏற்றுவாள். ஒரு தடவை, அவர் சொன்ன கிரேன் ஞாபகம் வந்து பயந்துபோய் இரண்டில் வைத்துப் பார்த்தாள். அவர் தோற்று, முகம் செத்து, சாப்பிடாமல் படுத்துவிட்டதாக மறுநாள் அவர் மனைவி சிவந்தி வந்து சொன்னாள். ஜெரினா மறுபடி ஒன்றுக்கே போனாள்.

அடுத்த தடவை வந்தபோது சிவந்தி வெறுங்கையோடு வரவில்லை. எவர்சில்வர் தூக்கு நிறைய வஞ்சிரம் வறுத்து எடுத்து வந்திருந்தாள். ஜெரினாவின் கையைப் பிடித்துக்கொண்டு, அவர் இப்போது தானே சோறு பிசைந்து தின்கிறார், சட்டைப் பொத்தான் போட்டுக்கொள்கிறார், ராத்திரியில் எழுந்து உட்கார்ந்து அழுவதில்லை என்று சொன்னாள். எல்லாம் நீ குடுத்ததுதான்க்கா என்றாள். அந்த மீனை ஜெரினா வாயில் வைத்தாள். முள் இல்லாத துண்டுதான், ஆனாலும் தின்னாமல் பாதியிலேயே வைத்துவிட்டாள். தூக்கை வெறுமனே திருப்பக் கூடாதே, எதையாவது போட்டுக் கொடுக்க வேண்டுமே என்று கழுவிக் கவிழ்த்து வைத்தாள். நாள் போனதே தவிர, அதில் எதைப் போட்டுக் கொடுப்பது என்று அவளுக்குத் தெரியவில்லை.

வெள்ளிக்கிழமை சிலுவைமுத்து வந்து, மேஸ்திரியிடம் பேசிவிட்டதாகச் சொன்னார். தன் கை சரியாகிவிட்டதென்று கையெழுத்தும் போட்டுக் கொடுத்துவிட்டாராம். திங்கட்கிழமை கிரேனில் ஏற்றுகிறார்கள். கீழே மதியையே நிறுத்தச் சொல்லியிருக்கிறார். நான் இறக்குகிற முதல் பெட்டிக்கு என் பிள்ளைதான் பூட்டு போட வேண்டும் என்று சொல்லிச் சிரித்தார். இந்தத் தடவை கையைத் துண்டுக்குள் ஒளிக்கவில்லை.

அந்தப் பெட்டியின் கனத்தை ஜெரினா பார்த்ததில்லை. ஆனாலும் அன்று முழுக்க அது அவள் தலைக்கு மேலேயே தொங்கியது.

சனிக்கிழமை அவர் வீடு வரைக்கும் போனாள். சிவந்தி அவருடைய பழைய காக்கிச் சட்டையைத் துவைத்து, கஞ்சி போட்டு, கொடியில் உலர்த்தியிருந்தாள். ஜெரினா ஒன்றும் சொல்லாமல் தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டுத் திரும்பினாள். சொல்லாமல் வந்தவளுக்கு மன்னிப்பு உண்டா? மதியைப் பெற்றவள் கேட்டால் என்ன பதில் சொல்வாள்? ஞாயிற்றுக்கிழமை தொழுகைப் பாயில் நெற்றி பதித்தபோதுகூட, நாலாவது வரிதான் கண்ணுக்குள் நின்றது. அன்றைக்கு அவள் கடையைத் திறக்கவில்லை.

திங்கட்கிழமை விடிந்ததும் கஞ்சி போட்ட சட்டையோடு சிலுவைமுத்து வாசலில் நின்றார். போகிற வழியில் கை ராசிக்கு ஒரே ஒரு ஆட்டம் ஆடிவிட்டுப் போகிறேன் என்றார். அவர் வந்து நின்றது ஜெரினாவுக்கு அல்லாவே அனுப்பியதுபோல இருந்தது.

அவள் அவரை உள்ளே கூப்பிட்டாள். இடுப்பிலிருந்த சாவியை எடுத்து, அவர் பார்க்கவே மிஷினின் சின்னக் கதவைத் திறந்து, பொத்தானை அழுத்தினாள். திரை கறுத்தது. நாலாவது வரியை ஒன்றுக்கு இறக்கிக் காட்டினாள்.

"இத்த பாருண்ணே. இதுல ஒண்ணுலேந்து எட்டு வரிக்கும் கீது. பசங்கள லீவு நாள்ல எட்டுல வுட்டு ஏமாத்துவேன். உன்ன ஒண்ணுல வுட்டு ஏமாத்திட்டேன்."

அவருக்கு உடனே விளங்கவில்லை. ரிப்பேரா என்று கேட்டார். அவள் மறுபடி சொன்னாள். குண்டு மெதுவாக வந்தது உன் கையால் இல்லை, என் கையால் என்று சொன்னாள். சொல்லிவிட்டு முந்தானையைக் கடித்துக்கொண்டாள். சிலுவைமுத்து திரையில் மின்னிக்கொண்டிருந்த அந்த ஒன்றையே பார்த்தார்.

"அப்போ நானு ஒரு நாளு கூட ஜெயிக்கலியா?"

"இல்லண்ணே."

அவர் கத்தியிருக்கலாம். திட்டியிருக்கலாம். மிஷினை உதைத்திருந்தால்கூட ஜெரினா காலில் விழுந்து கும்பிட்டிருப்பாள். அவர் அப்படி எதுவும் செய்யவில்லை. எல்லாரும் ஆடுவது எதில் என்று கேட்டார். நாலு என்றாள். அதில் வைக்கச் சொன்னார். வைத்தாள். ஸ்டிக்கைப் பிடித்தார். விமானம் எழும்பியது, விழுந்தது. இன்னொரு முறை ஆடினார், அதுவும் விழுந்தது. மூன்றாவது தடவை ஸ்டிக்கைத் தொடவே இல்லை. கஞ்சி போட்ட சட்டையின் மடிப்பு கலையாமல், தோளிலிருந்த துண்டை எடுத்து, மெல்ல வலது கையின் மேல் சுற்றிக்கொண்டார்.

"மதி கீழ நிக்கிறான்" என்று மட்டும் சொன்னார். அவளிடம் சொன்னதாகத் தெரியவில்லை. இறங்கிப் போய்விட்டார்.

அன்றைக்கு யார்டில் அவர் மேஸ்திரியிடம், கையெழுத்துப் போட்டது தப்பு, கை இன்னும் நடுங்குகிறது என்று எல்லார் முன்னாலும் சொல்லிவிட்டாராம். சிவப்புக் கொடியை அவரே கேட்டு வாங்கிக்கொண்டாராம். ஒவைஸ்தான் வந்து சொன்னான். அவன் குரலிலும் கிண்டல் இல்லை.

ஜெரினா தூக்கு நிறைய ரவை அல்வா கிண்டி எடுத்துக்கொண்டு சிவந்தியின் வாசலுக்குப் போனாள். சிவந்தி தூக்கை வாங்கிக்கொண்டாள். முகத்தைப் பார்க்கவில்லை.

"அவுரு மறுபடியும் நான்தான் ஊட்டணும்னு உக்காந்துகினு கீறாரு" என்றாள். உள்ளே வா என்று சொல்லவில்லை. கதவை வேகமாகச் சாத்தவும் இல்லை, மெதுவாகத்தான் சாத்தினாள். அடித்திருந்தால் வலி ஒரு நாளில் போயிருக்கும். மெதுவாகச் சாத்திய அந்தக் கதவு ஜெரினாவின் நெஞ்சுக்குள் எத்தனையோ நாள் சாத்திக்கொண்டே இருந்தது.

சிலுவைமுத்து சந்துக்குள் வருவதையே நிறுத்திவிட்டார். வேலைக்குப் போகும்போது சுற்றிக்கொண்டு வேறு தெரு வழியாகப் போவதை அவள் பார்த்திருக்கிறாள். மூன்று மிஷின்களையும் நாலில் வைத்தாள். அதற்குப் பிறகு லீவு நாளிலும் தொடவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் ஒருவனே நெடுநேரம் ஆடினான், காத்திருந்த பிள்ளைகள் சலித்துப்போய்க் கலைந்தார்கள். கடை இளைத்தது. அவளும் இளைத்தாள்.

மழைக்காலம் முடிந்த ஒரு மத்தியானம். நிழல் தட்டியதென்று நிமிர்ந்தாள். சிலுவைமுத்து நின்றிருந்தார். தாடி நரைத்திருந்தது.

"மிஷினு எதுல கீது?"

"நாலுல அண்ணே. நீ போன நாள்லேந்து நாலுதான்."

அவர் டோக்கன் வாங்கிக்கொண்டு வரிசையில் நின்றார். முறை வந்ததும் துண்டை அவிழ்த்துத் தோளில் போட்டுவிட்டு ஸ்டிக்கைப் பிடித்தார். கை நடுங்கியது, எல்லாரும் பார்க்கவே நடுங்கியது. ஜெரினாவின் விரல்கள் அவளை அறியாமல் இடுப்பிலிருந்த சாவியைத் தேடின. சாவியைத் தொட்டதும் அவளுக்கு முகம் எரிந்தது. கையை எடுத்து மடிக்குள் வைத்து, மறு கையால் இறுகப் பிடித்துக்கொண்டாள்.

விமானம் எழும்பியது. முதல் குண்டைத் தாண்டியது. இரண்டாவது குண்டில் விழுந்தது.

ஒவைஸ் வாயைத் திறக்கப் பயந்து நின்றான். சிலுவைமுத்து அவன் பக்கம் திரும்பினார்.

"சொல்லுடா. ஏன் சும்மா கீற?"

"எந்திரி மாமு" என்றான் ஒவைஸ், மெல்லிய குரலில். "ஆளுங்க நின்னுகினு கீறாங்கோ."

அவர் எழுந்தார். இன்னொரு டோக்கன் கேட்டு ஜெரினாவின் முன்னால் கையை நீட்டினார். நடுங்குகிற அந்த வலது கையைத்தான் நீட்டினார். அவள் டோக்கனை அதில் வைத்தாள். அவர் முகத்தை நிமிர்ந்து பார்க்க அவளால் அன்றைக்கும் முடியவில்லை. சிலுவைமுத்து வரிசையின் கடைசிக்குப் போய் நின்றுகொண்டார்.