மாமியின் வெள்ளாமை இருந்த ஃபோல்டர்

என் மாமியின் மூன்று வருஷ வெள்ளாமையை ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம் நான் அழித்தேன். தீ வைக்கவில்லை, மாடு அவிழ்த்து விடவுமில்லை. கம்பியூட்டர் கேட்ட ஒரு கேள்விக்கு "ஆம்" என்று அழுத்தினேன், அவ்வளவுதான்.

எங்கள் பக்கத்தில் கலியாணம் முடித்தால் மாப்பிள்ளைதான் பெண் வீட்டில் போய்க் குடியிருக்க வேண்டும். பாலமுனையிலிருந்து கல்முனைக்குடிக்கு வந்தபோது என்னிடம் ஒரு சூட்கேசும் ஒரு கம்பியூட்டரும் இருந்தன. சூட்கேசுக்கு அறைக்குள் இடம் கிடைத்தது. கம்பியூட்டர் ஹோலில், குசினி வாசலுக்கு நேரே உட்கார்ந்தது. அந்த வாசலில் பூப்போட்ட திரைச்சீலை ஒன்று தொங்கும். அதற்குப் பின்னால் மாமி இருப்பா.

மாமி என்னோடு நேரே கதைப்பதில்லை. கோபதாபம் ஒன்றும் கிடையாது. மருமகனுக்கு முன்னால் வந்து நின்று முகம் பார்த்துக் கதைப்பது மரியாதை இல்லை என்று வளர்ந்தவ. இப்போது ஊரில் அநேகமான வீடுகளில் இது போய்விட்டது, எங்கள் வீட்டில் மட்டும் குறைவில்லாமல் இருந்தது. மாமி சொல்ல வேண்டியதெல்லாம் என் மனைவி வழியாகத்தான் வரும். "உம்மா கேக்கிறா, ஆணத்துக்கு உப்புக் காணுமா எண்டு." காணும், போதும் என்பேன். நான் சொன்னது நாலு அடி தூரத்தில் நிற்கும் மாமிக்கு நன்றாகவே கேட்டிருக்கும். ஆனாலும் மனைவி எழும்பிப் போய்த் திரைக்குள் தலையை நீட்டி, காணுமாம் என்று சொல்லிவிட்டு வருவா. நாலு வருஷம் இப்படியே போனது. எனக்குப் பொறுமை குறைவு. ஆனாலும் சோறு நன்றாக இருந்ததால் வாயை மூடிக்கொண்டிருந்தேன்.

கலியாணம் முடித்த முதல் வருஷம் நான் ஒரு பண்ணை விளையாட்டைக் கம்பியூட்டரில் ஏற்றினேன். உழவு மெசின் ஓட்டலாம், விதைக்கலாம், மாடு வளர்க்கலாம், வெட்டு மெசினால் அறுவடை செய்யலாம். நான் ஓட்டிய உழவு மெசின் இரண்டு தரம் ஆற்றில் விழுந்தது. மூன்றாம் தரம் அது வரம்பில் ஏறி ஒருக்களித்துக் கிடந்தபோது மனைவி திரைப் பக்கமிருந்து வந்தா. "உம்மா சொல்றா, அந்த மெசினப் பாக்கப் பாவமா இரிக்காம்."

எனக்குச் சுருக்கென்றது. விளையாட்டை மூடிவிட்டு அந்தப் பக்கமே போகாமல் இருந்தேன். ஒரு மாதம் கழித்துத் திறந்து பார்த்தால், என்னுடைய கோணல் வயல்கள் நேராகிவிட்டன. வேலி கட்டியிருந்தது, பட்டியில் இரண்டு மாடு நின்றது. மனைவியைக் கேட்டேன். சிரித்துக்கொண்டு, உம்மாதான் என்று சொன்னா. நான் கந்தோர் வேலைக்கும் மனைவி படிப்பிக்கப் பள்ளிக்கூடத்துக்கும் மாமா கடைக்கும் போன பிறகு, உலையை வைத்துவிட்டு மாமி கம்பியூட்டருக்கு முன்னால் உட்கார்ந்துவிடுவாவாம்.

யோசித்துப் பார்த்தால் அதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை. மாமியின் குடும்பத்துக்குச் சம்மாந்துறைப் பக்கம் வயல் இருந்தது. எந்த நெல் விதைப்பது, எப்போது தண்ணீர் வைப்பது எல்லாம் மாமி குசினிக்குள் இருந்துதான் தீர்மானிப்பா. வயலைப் பார்த்துக்கொண்ட முல்லைக்காரருக்கு மாமா வழியாகச் சொல்லி அனுப்புவா. வயலை நேரில் கண்டது நாலைந்து தரமாம், அதுவும் றோட்டில் வேனுக்குள் இருந்தபடி. அப்படிப்பட்ட மனுசி இப்போது உழவு மெசினில் ஏறித் தானே ஓட்டுகிறா. உண்மையைச் சொன்னால் எனக்குப் பெருமையாக இருந்தது.

பிறகு ஒரு நாள் செய்தி வந்தது. நெல் இல்லாமல் சோளமும் கோதுமையும் மட்டும் போட்டால் அது என்ன வெள்ளாமை என்று உம்மா கேட்கிறா. விளையாட்டில் நெல் இல்லை. யாரோ ஒரு புண்ணியவான் நெல் விதைக்கிற மாதிரி ஒரு சேர்க்கையைச் செய்து இணையத்தில் போட்டிருந்தான். அதை இறக்கி, விளையாட்டின் ஃபோல்டருக்குள் சரியான இடத்தில் போட்டு வேலை செய்ய வைப்பதற்குள் எனக்கு ஒரு கிழமை போனது. ஏதாவது பிழைத்துவிடும் என்ற பயத்தில், அப்போதும், பிறகு அந்தச் சேர்க்கையின் புதிய பதிப்பைப் போடும் ஒவ்வொரு தரமும், மாமியின் வெள்ளாமை சேமிக்கப்பட்ட ஃபோல்டரை டி டிரைவுக்குப் பிரதி எடுத்து வைத்தேன். நெல் முளைத்த அன்று பின்னேரம் எனக்கு ஒரு முழு வட்டிலப்பம் வந்தது.

இனி அந்த வெள்ளிக்கிழமைக்கு வருகிறேன். எனக்கு அன்று லீவு. கம்பியூட்டர் இழுத்து இழுத்து வேலை செய்தது. சி டிரைவ் நிரம்பிச் சிவந்து கிடந்தது. பாதி இடத்தை இந்த விளையாட்டுத்தான் பிடித்திருக்கும் என்று எனக்குத் தெரியும், ஆனால் அது எங்கே இருக்கிறது என்றுதான் தெரியாது. ஒவ்வொரு ஃபோல்டராகத் திறந்து ஏசிக்கொண்டே தேடினேன். கடைசியில் விளையாட்டின் படத்தில் மௌசின் வலது பொத்தானை அழுத்தி "இருக்கும் இடத்தைத் திற" என்பதைக் கொடுத்ததும், ஒரு நொடியில் வந்து நின்றது. அதை அப்படியே வெட்டி டி டிரைவில் ஒட்டினேன். வலு கெட்டிக்காரன் என்று நினைத்துக்கொண்டு விளையாட்டை அழுத்தினால் திறக்கவில்லை. ஃபோல்டரை இடம் மாற்றினால் போதாது, விளையாட்டை முறையாக நீக்கிவிட்டுப் புது இடத்தில் திரும்ப ஏற்ற வேண்டும் என்று இணையத்தில் வாசித்தேன். பழையபடி கொண்டுவந்து வைத்துவிட்டு நீக்கத் தொடங்கினேன்.

அந்த நேரம் ஜும்ஆவுக்குப் பாங்கு சொன்னது. நான் இன்னும் குளிக்கவில்லை. கம்பியூட்டர் திரையில் ஒரு பெட்டி வந்து ஆங்கிலத்தில் ஏதோ கேட்டது. ஆம் கொடுத்தேன். இன்னொன்று வந்தது, அதற்கும் ஆம். சேமித்து வைத்த விளையாட்டுகளையும் சேர்த்து அழிக்கவா என்பதுதான் அந்த இரண்டாவது கேள்வி. நான் தொப்பியைத் தேடிக்கொண்டிருந்தேன்.

தொழுதுவிட்டுப் பள்ளியால் வந்து, சோறு தின்று, விளையாட்டையும் நெல் சேர்க்கையையும் டி டிரைவில் புதிதாக ஏற்றினேன். மனைவியைக் கூப்பிட்டு, பார், எவ்வளவு வேகம் என்று பீற்றிக்கொண்டே திறந்தேன். வெறுந்தரை. மாடில்லை, வேலியில்லை, நெல்லில்லை. மனைவி என்னைப் பார்த்த பார்வையிலேயே எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது. திரைக்குப் பின்னால் பீங்கான் கழுவும் சத்தம் நின்றது.

மனைவி உள்ளே போய் வெகுநேரம் கழித்து வந்தா. "உம்மா ஒண்டும் சொல்லல்ல." நாலு வருஷத்தில் வெறுங்கையோடு திரும்பி வந்தது அன்றுதான். எனக்கு வெட்கமாகவும் இருந்தது, அழுகையும் வந்தது. ஏசியிருந்தால் தாங்கியிருப்பேன்.

மறுநாள் காலை மனைவி ஏதோ பயிற்சி வகுப்பு என்று அம்பாறைக்குப் போய்விட்டா. நான் டி டிரைவில் பழைய பிரதிகளைத் தேடினேன். நாலு கிடைத்தன. நான் வைத்த பெயர்களைப் பாருங்கள்: புதிது, புதிது இரண்டு, கடைசி, அழிக்கலாம். போதாக்குறைக்கு, பார்க்கிறேன் பேர்வழி என்று ஒவ்வொன்றையும் திறந்து சேமித்து மூடியதில் நாலிலும் அன்றைய தேதி விழுந்துவிட்டது. விளையாட்டுக்குள் காட்டும் நாளையும் நம்ப முடியாது. ஒரு போகம் பிழைத்தால் மாமி பழைய சேமிப்புக்குத் திரும்பிப் போய்த் திரும்பவும் விதைக்கிற ஆள். எது உண்மையான கடைசி வெள்ளாமை என்று மாமிக்கு மட்டும்தான் தெரியும். மனைவிக்கு அழைத்தேன், தொலைபேசி அணைத்திருந்தது.

அரை மணித்தியாலம் சும்மா இருந்தேன். பிறகு குசினி வாசல் திரைச்சீலையைப் பார்த்துக் கேட்டேன்.

"மாமி, உங்கட பட்டியில எத்தின மாடு நிண்டது?"

பிழையாகிவிட்டது என்று நினைத்தேன்.

"பதினேழு. அதில நாலு கண்டுக்குட்டி."

முதல் பிரதியைத் திறந்தேன், ஒன்பது மாடு. இரண்டாவதில் பன்னிரண்டு. மூன்றாவதில் சரியாகப் பதினேழு. சத்தமாகச் சொன்னேன். மேற்குக் கண்டத்தில், அதாவது மேற்குப் பக்க வயல் துண்டில், என்ன பயிர் என்று திரைச்சீலை கேட்டது. சோளம் என்றேன். சோளத்தை எப்போதோ வெட்டியாச்சு, இது பழசு என்று பதில் வந்தது.

மிச்சமிருந்தது "அழிக்கலாம்" ஒன்றுதான். சோம்பேறித்தனத்தால் மட்டும் தப்பிக் கிடந்த ஃபோல்டர் அது. திறந்தேன். பதினேழு மாடு, மேற்குக் கண்டம் முழுக்க நெல்.

"கதிர் வந்திரிக்கா?"

உற்று உற்றுப் பார்த்தேன். எனக்கு எல்லாம் ஒரே பச்சை.

"எனக்கு விளங்குதில்ல மாமி."

திரைச்சீலை அசைந்தது. மாமி முக்காட்டை நெற்றி வரைக்கும் இழுத்துவிட்டுக்கொண்டு வந்தா. என்னைப் பார்க்கவில்லை, கம்பியூட்டரைப் பார்த்தா. நான் எழும்பி ஒதுங்கினேன். நான் விட்ட கதிரையில் உட்கார்ந்து, வரம்போரமாக ஒரு சுற்றுப் போய்ப் பார்த்துவிட்டு மெல்ல மூச்சு விட்டா.

"இதுதான். ஆனா கதிர் வரல்ல. வியாழக்கிழம பழுத்துக் கிடந்த பயிர்."

அந்தப் பிரதி எடுத்து மூன்று கிழமை, அவ்வளவு நாள் வேலையும் போயிருந்தது. மன்னிக்கச் சொல்லிக் கேட்டேன். பயிர் இருக்கிறதுதானே, பழுக்கும் என்றா. பிறகு, அந்தக் கேள்வியை வாசிக்காமல் ஏன் அழுத்தினீர்கள் என்று கேட்டா. பாங்கு சொல்லிவிட்டார்கள், அவசரம் என்றேன்.

"பாங்கு சொல்லிக் குத்பா தொடங்க நேரம் இரிக்கி, மகன். ஒரு வரி வாசிக்கக் காணும்."

அதோடு விடவில்லை, அந்த ஃபோல்டர் எங்கே இருக்கிறது, எப்படிப் போவது என்று காட்டச் சொன்னா. டி டிரைவைத் திறந்து காட்டினேன். பெயரைப் பார்த்ததும் முகம் மாறிவிட்டது. உடனே மாற்றச் சொன்னா, மாமியே சொல்லச் சொல்ல நான் அடித்தேன்: மாமிட வெள்ளாமை கேக்காமத் தொடப்படாது. அவ்வளவு நீளமான பெயரை நான் எந்த ஃபோல்டருக்கும் வைத்ததில்லை. மற்ற மூன்றையும் மாமி முன்னாலேயே, ஒவ்வொன்றுக்கும் அனுமதி கேட்டுத்தான் அழித்தேன்.

பின்னேரம் அஸர் தொழுகைக்குச் சற்று முந்தி மனைவி வந்தா. மாமி கம்பியூட்டருக்கு முன்னால், நான் பக்கத்தில் ஒரு ஸ்டூலில். தண்ணீர் எந்தப் பக்கம் வைப்பது என்று எங்களுக்குள் வாக்குவாதம் நடந்துகொண்டிருந்தது. மனைவி கைப்பையைக்கூடக் கீழே வைக்காமல் வாசலிலேயே நின்றுவிட்டா.

"உம்மா, நீங்க இவரோட கதைக்கிறீங்களா?"

மாமி திரும்பவில்லை.

"ஓம். என்ட பயிர அழிச்சவரோட நான் கதைக்காம, வேற ஆர் கதைக்கிற?"