நிலாவிலும் பாத்திரம் கழுவ வேண்டும்

கோரல் விக்கமுக்குத் தோற்பதென்றால் வேப்பங்காய். சீட்டில் தோற்றால் சீட்டுக்கட்டைக் குறை சொல்வாள். அம்பெறிந்து தோற்றால் சுவரே கோணல் என்பாள். பர்னி என்ற ஊரில் காகித ஆலைத் தொழிலாளியின் மகளாகப் பிறந்து, நான்கு அண்ணன்மாருக்கு நடுவில் தட்டைக் காப்பாற்றிச் சாப்பிட்டு வளர்ந்தவள் வேறு எப்படி இருப்பாள்? இரண்டு கல்யாணம். இரண்டு கணவன்மாரும் உயிரோடு, வேறு வேறு ஊரில், நிம்மதியாக இருக்கிறார்கள். டீசல் மெக்கானிக் வேலையில் மட்டும் அவளை அடித்துக்கொள்ள ஆள் கிடையாது. உலகத்தின் தென்கோடிக் கடலில் கிடக்கும் மக்குவாரித் தீவு ஆராய்ச்சி நிலையத்தில் அது அவளுக்கு மூன்றாவது குளிர்காலம்.

குளிர்காலத்தில் அங்கே பதினாறு பேர். மற்றபடி காற்றும் மழையும், வாசலை அடைத்துப் படுத்துக்கொண்டு நகரமாட்டேன் என்று ஏப்பம் விடும் சீல்களும்தான். கப்பல் வசந்தத்தில் வரும். அதுவரை எவரும் எவரோடும் கோபித்துக்கொண்டு வீட்டுக்குப் போய்விட முடியாது. அதனால்தானோ என்னவோ, அங்கே ஒரு சட்டத்தை மட்டும் ஒருவரும் மீறுவதில்லை. சமையலுக்கு கஸ் என்று ஒருவன் இருந்தான், ஆனால் அவனுக்கு எடுபிடி தினம் ஒருவர், முறை வைத்து. டாக்டரோ, தலைவியோ, விஞ்ஞானியோ, முறை வந்தால் ஏப்ரனைக் கட்டிக்கொண்டு உருளைக்கிழங்கு உரிக்க வேண்டும், பாத்திரம் தேய்க்க வேண்டும், தரை துடைக்க வேண்டும். அந்த ஆளுக்கு ஸ்லஷி என்று பேர். அத்தனைக்கும் ஒரே கூலி, அன்று முழுக்கச் சாப்பாட்டுக் கூடத்தில் என்ன பாட்டு ஓடுவது என்று ஸ்லஷிதான் முடிவு செய்வார். காது கிழிந்தாலும் வேறொருவர் கை வைக்கக்கூடாது.

ஞாயிற்றுக்கிழமை மதியம் ஆட்டுக்கறி வறுவல் முடிந்ததும் கூடத்துப் பெரிய டிவியில் ‘பத்தாம் நிலா’ ஓடும். வீடியோ கேம்தான். தொலைதூர நிலா ஒன்றில் சிலரை இறக்கிவிட்டு, காற்று, சூடு, சோறு, மனநிலை நாலும் கெடாமல் பிழைக்க வைக்க வேண்டும். முதல் குளிர்காலத்தில் முழங்கால் பிசகிப் படுத்துக்கிடந்தபோது கோரல் இதைப் பிடித்துக்கொண்டாள், பிறகு விடவில்லை. இந்த வருஷம் நிலையத்துப் பதினாறு பேரையும் அவரவர் பேரிலேயே நிலாவில் இறக்கிவிட்டாள். ரிமோட் அவள் கையில். ஆனால் அவரவர் ஆளுக்கு அவரவர்தான் உத்தரவு சொல்ல வேண்டும், அடுத்தவர் ஆளைத் தொடக்கூடாது. இதுவும் அவள் போட்ட சட்டம்தான்.

புத்தியுள்ள ஆட்டக்காரர்கள் இந்த கேமில் ஆளுக்கொரு வேலை என்று பிரித்துவிடுவார்கள். நன்றாகச் சமைப்பவன் சமைப்பான், மற்றவன் அடுப்புப் பக்கமே வரமாட்டான். கோரலோ நிலாவிலும் ஸ்லஷி முறை வைத்தாள். அறுவை சிகிச்சை தெரிந்தவள் அங்கே வாணலி தேய்த்தாள். அடுப்பைக் கண்டிராதவன் கஞ்சி காய்ச்சி, வாரத்துக்கு நாலு பேருக்கு வாந்தி. இணையத்தில் இதைக் கேள்விப்பட்டவர்கள் சிரியோ சிரியென்று சிரித்தார்கள், உங்கள் குடியிருப்பு ஒரு மாதம் தாங்காது என்றார்கள். தாங்கியது. அந்த விளையாட்டில் பக்கத்தில் பக்கத்தில் நின்று வேலை செய்பவர்களுக்குத்தான் சிநேகம் கூடும். கோரலின் நிலாவில் வயிறு பாதி காலி, மனசு மட்டும் நிறைவு. கப்பல் வரும் வரை ஒருவரையும் சாகவிடமாட்டேன் என்று அவள் கங்கணம் கட்டிக்கொண்டிருந்தாள்.

அந்த ஜூனில் ஐவருக்குச் சொந்த ஊரான டெவன்போர்ட்டிலிருந்து அக்காவின் போன் வந்தது. அம்மா போய்விட்டாள்.

ஐவர் வானிலை பார்ப்பவன். தினமும் பெரிய பலூனை ஊதி மேலே விடுவது அவன் வேலை. அதிகம் பேசமாட்டான், ஆனால் பேசினால் சிரிக்காமல் இருக்க முடியாது. அம்மாவின் அடக்கத்துக்கு எப்படிப் போவான்? கப்பலும் இல்லை, விமானம் இறங்க இடமும் இல்லை. எல்லோரும் தோளைத் தொட்டுவிட்டு நகர்ந்தார்கள். வேறென்ன செய்ய?

கோரல் ஏதாவது செய்தே தீரவேண்டும் என்று நினைக்கிற ஜாதி. தலைவி பிப்பிடம் போய், பாவம், அவன் கொஞ்ச நாள் சும்மா இருக்கட்டும் என்று சொல்லி, ஸ்லஷி முறை எழுதிய சமையலறைப் பலகையில் அவன் பேரைத் தன் கையாலேயே அழித்தாள். அவன் முறையைத் தான் பார்த்துக்கொள்வதாகச் சொன்னாள். அந்த ஞாயிறு நிலாவிலும் அவன் ஆளுக்கு, தன் சட்டத்தைத் தானே மீறி, ‘ஓய்வு’ கொடுத்துவிட்டாள். நல்ல மனசோடுதான் செய்தாள், அதில் சந்தேகமே இல்லை. எல்லோரும் சரி என்றார்கள்.

ஐவர் பலூன் விட்டான், அறைக்குப் போனான், கதவைச் சாத்தினான். கூடத்தில் ஆள் இல்லாத நேரமாகப் பார்த்து வந்து தட்டை எடுத்துப்போனான். ஞாயிற்றுக்கிழமைகளில் வரவேயில்லை. அந்த மாதிரி இடத்தில் ஜெனரேட்டர் நின்றால்கூட அவ்வளவு பயமில்லை, கோரல் இருக்கிறாள். ஒரு மனிதன் சாப்பாட்டு மேசைக்கு வராமல் போனால்தான் எல்லோரும் பயப்படுவார்கள். பயந்தார்கள். ஆனாலும் தொந்தரவு செய்யக்கூடாது என்று ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டு, அவன் அறைப்பக்கம் போகும்போது அடியெடுத்து வைப்பதைக்கூட மெதுவாக வைத்தார்கள்.

ஜூலை கடைசியில் ஒரு ஞாயிறு. கல் மழை ஜன்னலில் பொரிந்துகொண்டிருந்தது. நிலாவில் காற்று இயந்திரம் படுத்துவிட்டது. அதைப் பழுது பார்க்கத் தெரிந்த ஒரே ஆள் ஐவரின் ஆள். அவன் எங்கே என்று கோரல் திரையில் தேடினாள். ஓய்வு கொடுத்ததிலிருந்து அவனோடு யாரும் பேசாமல், அவனும் யாரோடும் சாப்பிடாமல், குடியிருப்பின் கடைசிக் கோடியில் ஒரு சரக்கு அறைக்குள் படுக்கையை இழுத்துக்கொண்டு போய்விட்டிருந்தான். கதவு மூடியிருந்தது. சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தான்.

நீயே பொத்தானை அமுக்கிவிடு, யார் பார்க்கப்போகிறார்கள் என்றான் கஸ். கோரலுக்குச் சுருக்கென்றது. ஏற்கெனவே ஒரு தடவை அமுக்கியவள்தான். ரிமோட்டை மேசையில் வைத்து, ஒருத்தரும் தொடக்கூடாது என்று விரலை ஆட்டிச் சொல்லிவிட்டு எழுந்தாள். ஐவரைத் தேற்றவேண்டும் என்றெல்லாம் அவள் நினைக்கவில்லை. குளிர்காலம் முழுக்கக் கட்டிக்காத்த நிலா கைவிட்டுப் போகிறதே என்ற ஆத்திரத்தில்தான் போனாள். கதவைத் தட்டக் கையை ஓங்கியபோதுதான் உறைத்தது, இத்தனை நாளில் ஒரு தடவைகூடத் தான் இங்கே வரவில்லை என்று.

“ஐவர், உன் ஆளு வேணும். காத்து மெஷின் நின்னு போச்சு. எல்லாரும் மூச்சு முட்டிச் சாகப்போறோம்.”

“என் ஆளு எங்க இருக்கான்?” என்று உள்ளேயிருந்து குரல் வந்தது.

“கடைசி ஸ்டோர் ரூம்ல. சுவத்தைப் பாத்து உக்காந்திருக்கான்.”

“யாரு அங்க உக்கார வச்சது?”

“நான்தான்.”

கதவு திறந்தது. தாடி வளர்ந்திருந்தது. காலில் வெறும் காலுறை.

“பலகைல என் பேரை அழிச்சதும் நீதானா?”

“ஆமா. பாவம், கொஞ்ச நாள் சும்மா இருக்கட்டுமேன்னு...”

“என் முறை மூணு தடவை வந்துச்சு கோரல்.” அவன் சத்தம் போடவில்லை. “மூணு தடவையும் ஏப்ரனைக் கட்டிக்கிட்டு இந்தக் கதவுக்குப் பின்னாடி நின்னேன். எங்கடா தொலைஞ்ச, கிழங்கு யாரு உரிப்பான்னு யாராவது வந்து கத்துவீங்கன்னு பாத்தேன். ஒருத்தரும் வரல. பாத்திரம் கழுவுற சத்தம் மட்டும் கேட்டுச்சு. சரி, நம்மள வேண்டாம்னு வச்சுட்டாங்கன்னு நெனச்சுக்கிட்டேன்.”

மூன்று தடவையும் அந்தப் பாத்திரங்களைக் கழுவியது கோரல்தான். ஊத்தைப் பாத்திரத்தைத் தேய்க்கத் தேய்க்க, பெரிய புண்ணியம் செய்வதாக நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நின்றாளே. இப்போது எங்கேயாவது முட்டிக்கொள்ளலாம் போலிருந்தது. மன்னிப்புக் கேட்டுப் பழக்கமில்லாத வாய்.

“நாளைக்கு நீதான் ஸ்லஷி,” என்றாள். “லேட்டா வந்தே, தோலை உரிச்சுடுவேன். இப்ப வா. அங்க மூச்சு முட்டுது.”

அவன் வந்தான். கூடத்தில் அத்தனை பேரும் திரையைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார்கள். நிலாவில் எல்லோரும் செத்துப்போயிருந்தார்கள். கோரலின் ஆள் இயந்திரத்துக்குப் பக்கத்தில் கவிழ்ந்து கிடந்தாள். கஸ்ஸின் ஆள் கஞ்சிப் பானையைப் பிடித்தபடியே போயிருந்தான். கோரல் எழுந்து போன பிறகு ஆட்டத்தை நிறுத்தி வைக்க ஒருவருக்கும் தைரியமில்லை.

“நீதானே தொடாதேன்ன,” என்றான் கஸ்.

குளிர்காலத்துப் பாடெல்லாம் போயிற்று. இன்றைக்கு யார் மண்டை உருளப்போகிறதோ என்று எல்லோரும் கோரலைப் பார்த்தார்கள். அவள் திரையை நெருங்கிப் பார்த்தாள். திரையின் மூலையில் ஒரே ஒரு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. சரக்கு அறையின் கதவு மூடியிருந்ததால், உள்ளே ஒரு காற்று உருளை மிச்சமிருந்ததால், ஐவரின் ஆள் மட்டும் உயிரோடு இருந்தான். தன்னந்தனியாக.

ஐவர் நின்றபடியே அதைப் பார்த்தான். பிறகு கோரலின் நாற்காலியில் உட்கார்ந்து, ரிமோட்டை எடுத்து, அவனை எழுந்து நிற்க வைத்தான். இயந்திரத்தைப் பழுது பார்க்க வைத்தான். காற்று வந்ததும் நேராகச் சமையலறைக்கு அனுப்பி, செத்தவர்களின் பதினைந்து தட்டையும் கழுவ வைத்தான். ஒவ்வொரு தட்டாக அவன் கழுவி முடிக்கும் வரை கூடத்தில் ஒருவரும் எழுந்திருக்கவில்லை. பிப் மூக்கைச் சிந்தினாள். ஐவர் ரிமோட்டை வைத்துவிட்டு, இவ்வளவு மோசமாகவா விளையாடுவீர்கள் என்று கேட்டான்.

மறுநாள் காலையில் கஸ்ஸுக்கு முன்பே அவன் சமையலறையில் இருந்தான். தாடியை எடுத்திருந்தான், ஏப்ரன் கட்டியிருந்தான். பாட்டுக்குத் தன் போனை ஒலிப்பெட்டியில் சொருகினான். வந்தது பாட்டில்லை. ஒரு பெரிய மண்டபத்தின் இரைச்சல், நாற்காலி இழுபடும் சத்தம், அதற்கு மேலே ஒரு வயதான பொம்பளையின் கரகரத்த குரல், எண்களைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தது. நாற்பத்திரண்டு. ஏழு. எழுபத்தொன்பது. டெவன்போர்ட் மண்டபத்தில் வாராவாரம் ஹவுஸி ஆட்டம் நடத்தியது ஐவரின் அம்மா எனிட்தான். கூப்பிடும் எண்களைத் தன் சீட்டில் முதலில் அடித்து முடித்தவர் ‘ஹவுஸ்’ என்று கத்தினால் ஜெயம். யாரோ எப்போதோ பதிவு செய்ததை அக்கா அனுப்பி வைத்திருந்தாள்.

காலையெல்லாம் அதுதான் ஓடியது. கஸ் பல்லைக் கடித்துக்கொண்டு பூசணிக்காய் நறுக்கினான். முதலில் எல்லோரும் தட்டைப் பார்த்துக்கொண்டு, செத்துப்போனவளின் குரலைக் கேட்டபடி, என்ன முகம் வைத்துக்கொள்வதென்று தெரியாமல் இருந்தார்கள். மதியச் சாப்பாட்டில் பிப்தான் காகிதத் துண்டை விரித்து, கட்டம் போட்டு, தனக்குத் தோன்றிய எண்களை எழுதிக்கொண்டாள். அதைப் பார்த்து டாக்டரும் எழுதினார். சூப் ஆறுவதற்குள் கூடம் முழுக்கப் பேனா தேடும் அமளி. எனிட் கூப்பிடக் கூப்பிட ஒவ்வொருவரும் அடித்துக்கொண்டே வந்தார்கள்.

கோரல் எல்லோரையும் முந்திவிட்டாள். ஜெயித்த வேகத்தில் நாற்காலி பின்னால் சாய, துள்ளி எழுந்து “ஹவுஸ்!” என்று கத்தினாள்.

அதே நேரம் அந்த மண்டபத்திலும் எவரோ அவசரப்பட்டிருக்க வேண்டும். எண் நின்றது. பெட்டிக்குள்ளிருந்து எனிட் நிதானமாகச் சொன்னாள்:

“இல்ல கண்ணு. இன்னும் முடியல. உக்காரு.”

கூடம் கொல்லென்று சிரித்தது. பாத்திரத் தொட்டி நுரையில் முழங்கை வரை கையை விட்டு நின்றிருந்த ஐவர் சிரிக்க ஆரம்பித்து, அப்படியே தொட்டி விளிம்பைப் பிடித்துக்கொண்டு அழுதான். அம்மா மறைந்து இத்தனை நாளில் அவன் மனிதர்கள் முன்னால் அழுதது அதுதான் முதல் தடவை. யாரும் மெதுவாக நடக்கவில்லை, பார்வையைத் திருப்பிக்கொள்ளவுமில்லை. கஸ் அவன் முதுகில் ஒன்று போட்டான்.

“காதுல விழலையா?” என்றான் ஐவர், கோரலைப் பார்த்து, மூக்கை உறிஞ்சிக்கொண்டே. “அம்மா உக்காரச் சொல்றாங்கல்ல.”

கோரல் உட்கார்ந்தாள். பக்கத்து நாற்காலியைக் காலால் இழுத்துப் போட்டாள். அவன் கையைத் துடைத்துக்கொண்டு தன் தட்டோடு வந்து அதில் உட்கார்ந்து, அவளுடைய காகிதத்தை எடுத்து எண்களைச் சரிபார்த்தான்.

“பதினெட்டை எங்கம்மா கூப்பிடவே இல்ல,” என்றான். “தோத்துட்ட.”

ஆமாம் என்றாள் கோரல்.