தொலேதோவில் நனைந்த சேலை

பத்து மாதப் பிள்ளையை விட்டுவிட்டு நான் ஏன் போனேன்?

என் கணவருக்கு ஸ்பெயினில் ஒரு மாதம் தறி எந்திரப் பயிற்சி. மனைவியையும் அழைத்துவரலாம் என்றார்கள்.

"போயிட்டு வாட்டி. சங்கரன்கோவில்ல எவ ஸ்பெயினப் பாத்திருக்கா? பிள்ளைய நான் பாத்துக்கிடுதேன்" என்றார் மைனி, என் கணவரின் அக்கா. அவர் சொன்னபடி வேப்பிலையை அரைத்து மார்பில் தடவினேன். பிள்ளை ஒருமுறை வாய் வைத்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டான். மூன்றே நாளில் பால் மறந்தான்.

அங்கே ஒரு ஞாயிற்றுக்கிழமை, பழைய நகரங்களைச் சுற்றிக்காட்டும் பஸ்ஸில் போனோம். காலையில் செகோவியா, மதியம் தொலேதோ. வழிகாட்டிப் பெண் பஸ் கிளம்பும்போதெல்லாம் ஆட்களை எண்ணி, எல்லாரும் இருக்கிறோம் என்பாள். எனக்கு ஒருவர் குறைவதாகவே இருக்கும்.

தொலேதோவின் பெரிய தேவாலயத்தில் அவள் ராஜாக்கள் கதை சொல்லிக்கொண்டிருந்தாள். பின்னால் யாருடைய கைக்குழந்தையோ பாலுக்கு அழுதது. என் ஜாக்கெட் நனைந்தது, பிறகு சேலையும். அவள் பார்த்துவிட்டாள். எதுவும் கேட்காமல் தன் சால்வையை எடுத்து எனக்குப் போர்த்திவிட்டு, கதையைத் தொடர்ந்தாள். எனக்கு அழுகைகூட வரவில்லை. தூணைப் பார்த்தபடி நின்றேன்.

ஊர் திரும்பியதும் பிள்ளையைத் தூக்கினேன். அவன் அழவில்லை. அன்று போலவே முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

"ரெண்டு நாள்ல சரியாயிரும், விடு" என்றார் மைனி.

நான்கு மாதமாகிறது. இன்னும் மைனியிடம்தான் உறங்குகிறான்.

அடுத்த மாதம் கணவரின் வேலைக்காகக் கோயம்புத்தூருக்குக் குடிபோகிறோம். அவனை மைனியிடமிருந்து பிரித்துக் கூட்டிப்போவதா, என்னிடம் பழகும்வரை இங்கேயே விடுவதா? பிள்ளை வளர்த்தவர்கள் சொல்லுங்கள்.