முனிவர் தலையில் விறகுக்கட்டு

தலையில் விறகுக்கட்டோடு, துணைக்கு ஆளில்லாமல் மலை ஏறுகிறீர்கள். எப்படி இளைப்பாறுவீர்கள், சொல்லுங்கள் பார்ப்போம்? கட்டைத் தரையில் இறக்கலாம் என்பீர்கள். இறக்கலாம். திரும்ப அதைத் தூக்கித் தலையில் வைப்பது யார்?

தலைச்சோலை கிராமத்து ஆராயிக்கு இதற்கு விடை தெரியும். அவள் ஏற்காட்டுக்கு விறகு சுமக்கும் வழியில் நெட்டுக்கல் கரடு இருக்கிறது. அதன் உச்சியில் ஐந்து கல்தூண்கள். யாரும் நட்டவை அல்ல. மழையும் காற்றும் மண்ணைத் தின்றதில் மிஞ்சியவை. நான்கு தூண்கள் பனை உயரம். ஐந்தாவது அடிப்பக்கத்திலேயே முறிந்து, மேலே தட்டையாக, ஒரு பெண்ணின் தலைமட்டத்தில் நிற்கிறது. ஒட்டி நின்று கழுத்தைச் சாய்த்தால் கட்டு கல்லுக்கு நகரும். மூச்சு வாங்கியபின் அப்படியே தலைக்குத் திரும்பும்.

கல்யாணமாகி வந்த நாளிலிருந்து ஆராயி, எஸ்டேட்டில் கழித்த மரக்கிளைகளைக் கட்டி ஓட்டல் அடுப்புகளுக்குச் சுமந்தாள். நிறைமாதத்தில் சுமந்தாள். பிள்ளையை முதுகில் கட்டிக்கொண்டு சுமந்தாள். புருஷன் சின்னன் செத்த மறுவாரமும் சுமந்தாள். அவளும், அவரவர் நேரத்துக்குத் தனியே வரும் மற்ற பெண்களும் கிழிந்த சேலையைச் சுருட்டித் தலைக்குச் சும்மாடு வைப்பார்கள். அது நைந்து போனால் கல்லின் மேலேயே போட்டுவிட்டுப் போவார்கள். சும்மாட்டில் ஊறிய தலை எண்ணெய் பட்டுப் பட்டு, கல் கறுத்துப் பளபளத்தது.

அந்தப் பளபளப்புதான் வினையாயிற்று. ஏற்காட்டில் லாட்ஜ் நடத்தும் கோவிந்தராஜ் ஒருநாள் விருந்தினர்களை ஜீப்பில் கூட்டி வந்தார். அவர்களில் படித்தவர் ஒருவர் கல்லைத் தடவிப் பார்த்து, தலைமுறை தலைமுறையாக எண்ணெய்க்காப்பு நடந்திருக்கிறது என்றார். கந்தலைப் பார்த்து, சாத்திய வஸ்திரம் என்றார். கோவிந்தராஜுக்கு வேறென்ன வேண்டும்? அடுத்த சீசனுக்குள் முள்கம்பி வேலி வந்தது, பூட்டுப் போட்ட கதவு வந்தது, வாசலுக்கு வெளியே சிமெண்டு மேடையில் இரும்பு உண்டியல் வந்தது. உயரமான நால்வரும் நின்று தவம் செய்யும் முனிவர்களாம். முறிந்தவர் உட்கார்ந்து தவம் செய்பவராம். வஸ்திரத்தைக் கண்ணாடிப் பெட்டியில் வைத்துக் கற்பூரம் காட்டினார்கள். அதன் ஓரத்தில் ஆராயி கையால் போட்ட தையல் இருந்தது.

அவள் கட்டோடு ஏறி வந்து வேலிக்கு வெளியே நின்றாள். திருநீறு பூசிய கோவிந்தராஜ் உள்ளே நின்றார்.

"ஏனுங்க, கதவத் தொறந்து உடுங்க. கழுத்து நொம்ப வலிக்குது."

"முனிவர் தலையில வெறக வெப்பியா? பாவம் புடிச்சுக்கும்."

"இத்தன வருசமா வெச்சனுங்க. ஒருநாளும் அவரு மொகஞ் சுளிக்கலீங்களே."

"அப்ப தவத்துல இருந்தாரு."

"இப்ப எந்திரிச்சுட்டாருங்களா? அப்ப அவரையே வந்து ஒரு கை புடிக்கச் சொல்லுங்க."

தரிசனத்துக்கு வரிசையில் நின்ற யாரோ சிரித்தார்கள்.

"அவரு வேண்டாம், நீங்க புடிங்க," என்றாள்.

"தலைக்குத் தண்ணி வாத்துட்டு சுத்தமா நிக்கறேன். உன்னையத் தொடக் கூடாது."

"பொட்டிக்குள்ள இருக்கறது எஞ் சீலைங்க. அதத் தொட்டீங்களே."

ஆராயி சுற்றிலும் பார்த்தாள். உண்டியல் சரியாகத் தலைமட்டத்தில் இருந்தது. ஒட்டி நின்றாள், கழுத்தைச் சாய்த்தாள். கட்டு உண்டியல்மேல் உட்கார்ந்தது. அவள் அதன் நிழலில் கால் நீட்டி உட்கார்ந்தாள்.

காசு போடும் வாய் அடைந்துவிட்டது. கையில் காசோடு பக்தர்கள் காத்து நின்றார்கள். தொடக் கூடாது என்ற கோவிந்தராஜ் ஓடி வந்தார். அவளைக் கைபிடித்து எழுப்பினார். இரு கையாலும் கட்டைத் தூக்கி அவள் தலையிலேயே வைத்தார். இறக்கிவிடத் தடுத்த தீட்டு, ஏற்றிவிடத் தடுக்கவில்லை. மறுவாரம் உண்டியலும் வேலிக்குள் போயிற்று.

இன்று ஆராயி கரட்டில் எங்கும் நிற்காமல் நடக்கிறாள். கழுத்து ஒரு பக்கம் சாய்ந்துவிட்டது. வேறு பிழைப்பு இல்லை. முனிவர்கள் நலமாக இருக்கிறார்கள்.

ஏற்காடு போனால் அந்தக் கரட்டுக்கும் போங்கள். உண்டியலுக்கு நீளும் கையை மடக்கி வைத்துக்கொண்டு வேலியோரம் நில்லுங்கள். ஆராயி ஏறி வருவாள். கட்டை இறக்கிவிடுங்கள். அவள் மூச்சு வாங்கி முடித்ததும் தூக்கிவிடுங்கள். கோவிந்தராஜ் முனிவருக்கு அஞ்சுகிறவர் அல்ல, வாடிக்கைக்கு அஞ்சுகிறவர். அவர் லாட்ஜில் அறையைக் காலி செய்யும்போது, கரட்டு வேலியின் கதவைத் திறந்துவிடச் சொல்லிவிட்டு வாருங்கள்.