சாவடிக்கு அடித்த ரோஸ் பெயிண்ட்

மூன்று நாளாகிறது, படுத்தால் மேல்கூரையையே பார்த்துக்கொண்டு கிடக்கிறேன். மகள் இங்கிலாந்தில் நர்ஸாக இருக்கிறாள். வேலை டவுனில், குடியிருப்பது பக்கத்துக் கிராமத்தில், ஒரு பழைய வீட்டின் மாடியில். அன்றைக்கு வீடியோவில் ரசத்துக்கு எவ்வளவு புளி என்று கேட்டுக்கொண்டிருந்தாள். அவள் முதுகுக்குப் பின்னால் கட்டில் தெரிந்தது. நான் அளவு சொல்லி முடிப்பதற்குள் மச்சிலிருந்து முறம் அகலத்துக்குக் காரை பெயர்ந்து நேராகத் தலையணையில் விழுந்தது. நான் போட்ட கூச்சலில் ஆர்.எஸ்.புரத்தில் எங்கள் பக்கத்து ஃப்ளாட்காரர்கள் ஓடி வந்து கதவைத் தட்டினார்கள். அவளோ திரும்பிப் பார்த்துவிட்டு, "அட, மறுபடியும் உழுந்துருச்சா" என்றாள்.

மறுபடியும்!

"வீட்டுக்காரம்மாகிட்டச் சொல்லி ஒரு கான்கிரீட்டைப் போடச் சொல்லு கண்ணு."

"அம்மா, இது பாதுகாக்கப்பட்ட கட்டடம். லிஸ்ட்ல இருக்குது. ஆணி அடிக்கோணும்னாலும் எழுதிக் கேக்கோணும்."

அந்தக் கிராமத்தில் சர்ச் பட்டியலில் இருக்கிறதாம். சாராயக்கடை இருக்கிறதாம். பாலம், குதிரைக்குத் தண்ணீர் காட்டுகிற தொட்டி, யாரும் பேசாத ஒரு டெலிபோன் பெட்டி எல்லாம் இருக்கிறதாம். தலையணை மட்டும் பட்டியலில் இல்லை. அதில் தலை வைத்துப் படுக்கிற என் மகளும் இல்லை.

முதல் தடவை விழுந்தபோதே விண்ணப்பம் எழுதி, அது ஊர் சுற்றி வந்து, நேற்றுத்தான் ஓர் ஆள் வந்தானாம். சிமெண்ட் கூடாதாம், சுண்ணாம்புதானாம். அவன் வாளியில் குழைப்பதை மகள் போனில் காட்டினாள். போனில் வாசனை வராது என்பார்கள். எனக்கு வந்தது. மழை பட்ட சுண்ணாம்புச் சுவரின் வாசனை. அதை நான் கடைசியாக மோந்தது அன்னூருக்கு வடக்கே ஒரு ஊரில், டீச்சராக முதல் வேலையில் சேர்ந்தபோது.

கஞ்சி போட்ட கைத்தறிப் புடவை, இரண்டு பஸ் மாறிய களைப்பு, தேசத்தையே திருத்திவிடுவேன் என்கிற முகம், இவற்றோடு போய் இறங்கினேன். பள்ளிக்கூடத்தில் எனக்கு வகுப்பறை இல்லை. ஒன்றாம் வகுப்பையும் இரண்டாம் வகுப்பையும் ரோட்டோரச் சாவடியில் உட்கார வைத்திருந்தார்கள். வண்டி கட்டிப் போகிறவர்கள் தங்குவதற்காக எப்போதோ யாரோ கட்டியது. கல்தூண்கள், ஒரு முழத்துக்கு மேல் கனமான சுவர். சித்திரை வெயிலிலும் உள்ளே ஜில்லென்று இருக்கும். பிள்ளைகள் சுவரில் சாய்ந்தால் முதுகெல்லாம் வெள்ளையாகும். எவன் பாடம் கேட்டான், எவன் சாய்ந்து தூங்கினான் என்று கண்டுபிடிக்க எனக்கு வேறு பரீட்சையே தேவைப்பட்டதில்லை. முன்தூணில் கட்டியவர் பெயரும் ஏதோ வருடமும் வெட்டியிருந்தன. எழுத்து மங்கிப்போய்ப் பாதி புரியாது. புரிந்த பாதியை வைத்துத்தான் பிள்ளைகளுக்கு எழுத்தைத் தடவிப் பழக்கினேன்.

ரோட்டை அகலப்படுத்துகிறோம் என்று வந்தவர்கள் சாவடிச் சுவரில் சிவப்புக் கோடு போட்டுவிட்டுப் போனார்கள். சாவடி போனால் என் பிள்ளைகளுக்கு உட்கார இடமில்லை. பஞ்சாயத்துத் தலைவர் சென்னியப்பன் வந்தார்.

"ஏனுங் டீச்சர், நீங்க படிச்சவிக. இது பழைய கட்டடம், இடிக்கக்கூடாதுன்னு ஒரு மனு எழுதிப்போடுங்."

எழுதினேன். நான்கு பக்கம். 'தொன்மை' என்ற சொல் மட்டும் பக்கத்துக்கு ஐந்து தடவை வந்தது. அதிசயமாகப் பதில் வந்தது. புதன்கிழமை இரண்டு அதிகாரிகள் வருகிறார்கள். பார்த்துப் பழையதுதான் என்று எழுதிக் கொடுத்தால் போதும், ரோடு வளைந்து போய்விடும்.

எங்கள் பக்கத்து மரியாதை உங்களுக்குத் தெரியுமோ என்னவோ. விருந்தாளி வருகிறார் என்றால் முதலில் ஊட்டைச் சுத்தம் செய்தாக வேண்டும். சென்னியப்பனுக்குத் தூக்கம் போய்விட்டது.

"வாரவிக இது கருங்கும்முனு கெடக்கறதப் பாத்தா என்ன நெனப்பாங்க? இந்த அழுக்குலயா பச்சப் புள்ளைகள உக்கார வெச்சிருக்கறீங்கன்னு காறித் துப்ப மாட்டாங்களா?"

நானும் ஆமாம் என்றேன். படித்தவள் அல்லவா. சுண்ணாம்பைச் சுரண்டி எறிந்துவிட்டுச் சிமெண்ட் பூசினார்கள். தரைக்கு டைல்ஸ் ஒட்டினார்கள். தூண்களுக்கு எனாமல் பெயிண்ட், பளபளவென்று, ரோஸ் கலரில். புதன்கிழமை காலையில் வாழைமரம்கூடக் கட்டியாயிற்று.

ஜீப்பை விட்டு இறங்கிய அதிகாரி நாலாபக்கமும் பார்த்தார். "பழைய கட்டடம் எங்கீங்க?"

"இதுதானுங்க" என்றார் சென்னியப்பன், மாப்பிள்ளையைக் காட்டுகிற முகத்தோடு.

"தூண்ல எழுத்து இருக்குன்னு மனுவுல போட்டிருக்கே?"

"இருந்துச்சுங்க. பட்டி வெச்சுக் குழிய அடைக்காமயே மூணு கோட்டிங் அடிச்சுப்போட்டமுங்க. இப்ப ஒண்ணுமே தெரியாதுங்க."

அதிகாரி கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டார். "இந்தக் கலரை எந்தப் புண்ணியவானுங்க சொன்னது?"

நான் வாழைமரத்துக்குப் பின்னால் நகர்ந்துகொண்டேன். கலர் அட்டையை நீட்டி, "நீங்களே ஒண்ணச் சொல்லுங் டீச்சர்" என்று சென்னியப்பன் கேட்டபோது, பிள்ளைகளுக்குப் பிடிக்குமே என்று ரோஸைத் தொட்டுக் காட்டியது நான். சென்னியப்பன் என் பக்கம் திரும்பக்கூட இல்லை.

"நானுங்க. கேனத்தனமாச் சொல்லிப்போட்டனுங்க."

வந்தவர்கள் தேங்காய்ப்பால் ஊற்றிச் சந்தகை சாப்பிட்டார்கள். இரண்டாம் தடவையும் வாங்கிக்கொண்டு, ரொம்ப நன்றாக இருப்பதாகச் சொன்னார்கள். அவர்கள் நன்றாக இருப்பதாகச் சொன்னது அது ஒன்றைத்தான். சாவடியில் பழமையான அம்சம் எதுவும் காணப்படவில்லை என்று கடிதம் வந்தது. எழுதினவர்மேல் தப்பில்லை. காணவிடாமல் மூன்று கோட்டிங் அடித்தது நாங்கள். சாவடியை இடிக்க வந்த இயந்திரத்துக்கு ஒரு காலைப் பொழுதுகூடத் தேவைப்படவில்லை. பிள்ளைகள் வரிசையாக நின்று பார்த்துக் கை தட்டினார்கள். அதன்பின் சத்துணவுக் கூடத்துத் தாழ்வாரத்தில் வகுப்பு. சோறு கொதிக்கிற வாசனையில் ஏழாம் வாய்ப்பாட்டுக்கு மேல் ஒருவனும் தாண்டவில்லை.

மகளின் வீட்டுக்காரம்மாவுக்கு நான் முந்தாநாள் ஒரு மெயில் எழுதி வைத்திருந்தேன். அந்தக் கூரையைப் பிரித்து எறிந்துவிட்டு இந்தக் காலத்து ஆள் மாதிரி ஒன்றைப் போடுங்கள் என்று, மரியாதையாகத்தான். கடைசிப் பத்தியில் சுவருக்கு என்ன கலர் நன்றாக இருக்கும் என்றும் சொல்லியிருந்தேன். நேற்று அந்தச் சுண்ணாம்பு வாளியைப் பார்த்த பிறகு அதை அழித்துவிட்டேன்.

"கட்டிலை மட்டும் தள்ளிப் போட்டுக்க கண்ணு" என்றேன்.

"அப்பவே போட்டாச்சும்மா" என்றாள்.

சென்னியப்பன் போய்ப் பல வருடமாகிறது. அந்தக் கலருக்காக ஊர் அவரைக் கடைசிவரை கிண்டல் செய்தது. 'ரோஸ் தலைவர்' என்றே பெயர். நான் வாயைத் திறக்கவில்லை. வேறு ஊருக்கு மாற்றல் வாங்கிக்கொண்டு போய்விட்டேன்.

போன மாதம் ஒரு கல்யாணத்துக்குப் போகையில் அந்த ஊரில் டீ குடிக்க இறங்கினேன். ரோடு எட்டு மாட்டுவண்டி ஒன்றாகப் போகிற அகலம். மாடுதான் ஒன்றுமில்லை. பள்ளிக்கூடமும் இல்லை, பிள்ளைகள் வேனில் டவுனுக்குப் போய்விடுகிறார்களாம். சாவடி இருந்த இடத்தில் ஒரு பேக்கரி. அதன் வாசலில் சாக்கடைக்குக் குறுக்கே மிதித்து ஏறுவதற்கு ஒரு நீளக்கல் போட்டிருந்தார்கள். வருகிறவர் போகிறவர் கால் பட்டு மேல் பெயிண்ட் முழுக்கத் தேய்ந்துவிட்டது. வெட்டின எழுத்துக் குழிக்குள் மட்டும் ரோஸ் அப்படியே தங்கியிருந்தது. கட்டியவர் பெயர், வருடம், எல்லாம் பளிச்சென்று படிக்க முடிந்தது. நான் பாடம் நடத்திய காலத்தில்கூட இவ்வளவு தெளிவாக இருந்ததில்லை.

"ஏனுங்க நின்னுட்டீங்க? தைரியமா மிதிச்சு வாங்க, கெட்டிக் கல்லுங்க" என்றார் கடைக்காரர்.

இந்த முட்டிவலியோடு சாக்கடையைத் தாண்டிக் குதித்தேன்.